முதல் காய்ப்பு

காய் வேகவைத்த தண்ணீரைக் கீழே கொட்டக் கூடாது. சத்தெல்லாம் அதில்தான் இறங்கியிருக்கும். ரசத்திலோ குழம்பிலோ சேர்த்துக்கொள்ள வேண்டும். பால்வாடி டீச்சராக வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து இதை நான் சொல்லாத வீடு எங்கள் பக்கத்தில் கிடையாது. மாசமாக இருக்கிற பெண்களுக்குச் சொன்னேன், கைப்பிள்ளைக்காரிகளுக்குச் சொன்னேன், கேட்காமல் கொட்டினவர்களை வாசலில் நின்று திட்டியும் இருக்கிறேன். எனக்கு வாய் கொஞ்சம் நீளம்.

அதே நான் என் வீட்டில் விடியற்காலையில் எழுந்து பூசணிக்காயைச் சின்னச் சின்னதாக நறுக்குவேன். வெந்நீரில் ஊறப்போட்டு அந்தத் தண்ணீரைக் கொட்டுவேன். மறுபடி நிறையத் தண்ணீர் வைத்து வேகவிட்டு அதையும் கொட்டுவேன். மிஞ்சிய சக்கையைத் தாளித்து என் வீட்டுக்காரருக்குத் தட்டில் வைப்பேன். அவருக்கு இரண்டு கிட்னியும் போய்விட்டன. காயிலும் பழத்திலும் பொட்டாசியம் என்று ஒன்று இருக்கிறது, நல்ல உடம்பில் மிச்சமானது சிறுநீரோடு வெளியே போய்விடும், இவருக்கு அது போக வழியில்லாமல் ரத்தத்திலேயே தங்கும், அளவு மீறினால் இதயத்தை நிறுத்திவிடும் என்று மலைக்குக் கீழே பெரிய ஆஸ்பத்திரியில் டாக்டர் சொன்னார். ஊருக்குத்தான் உபதேசம், உனக்கில்லையடி பெண்ணே என்பார்கள். அந்தப் பழமொழியை நான் அடுப்பங்கரையில் தினமும் இரண்டு முறை கொட்டிக்கொண்டிருந்தேன்.

எங்கள் ஊர் ஜவ்வாது மலையில் நெல்லிவாசல்நாட்டுப் பக்கம். சாமை விளையும், புளி உலுக்குவோம். சீத்தா, கொய்யா, நெல்லி, பலா எல்லாம் உண்டு. உண்டு என்றால் விளையும் என்று அர்த்தம். தின்பது கீழ்நாட்டு ஜனங்கள். மரத்தில் பழுக்கும் முன்பே கூடையில் ஏறி, ஷேர் ஜீப்பில் ஏறி, திருப்பத்தூருக்கோ வாணியம்பாடிக்கோ போய்விடும். எங்கள் ஊரில் ஒருவர் உட்கார்ந்து பழம் தின்றால், உடம்புக்கு இன்னா என்று கேட்பார்கள். நோயாளிக்கு மட்டும்தான் பழம். இதை மாற்றத்தான் நான் தொண்டை கிழியக் கத்தினேன். விற்கிறதை விற்றுக்கொள்ளுங்கள், பிள்ளைக்கு ஒன்று எடுத்து வையுங்கள் என்றேன். நெல்லிக்காயைக் கையில் கொடுத்து, என் கண்ணெதிரே மெல்லவைத்திருக்கிறேன்.

என் வீட்டுக்காரர் அப்போதெல்லாம் இந்த உபதேசத்தின் முதல் எதிரி. சாமைச் சோறு, கொள்ளு ரசம், கருவாடு இருந்தால் போதும். கீரை வைத்தால் தட்டின் ஓரமாக ஒதுக்கிவிட்டு, ஆடு பாவம், அதுக்குப் போடு என்பார். என்னை அவர் கூப்பிட்ட பெயரே கீரை டீச்சர். அவர் விரும்பித் தின்றது ஒரே ஒரு பழம், பலா. எங்கள் வீட்டுக்குப் பின்னால் அவருடைய அப்பா வைத்த மரம் ஒன்று இருக்கிறது. காய்ப்புக் காலத்தில் அந்த மரத்துக்குக் கீழே போனால் மனிதர் திரும்பி வரமாட்டார். எண்ணெய் தடவிய கையோடு உட்கார்ந்து தின்பார், கூடவே தங்கச்சியையும் உட்காரவைத்துக்கொள்வார்.

அந்தத் தங்கச்சி, என் நாத்தனார், பக்கத்து ஊரில் வாக்கப்பட்டிருக்கிறாள். நடந்தே வந்துவிடலாம். அம்மா அப்பா சீக்கிரம் போய்விட்டதால் அண்ணன்தான் அவளை வளர்த்தவர். பெரியவளாகி, கல்யாணமாகி, பிள்ளை பெற்ற பிறகும் அவருக்கு அவள் பாப்பாதான். முதல் பிள்ளை வயிற்றில் இருந்தபோது அவளுக்கு ரத்தம் மிகவும் குறைவு. நாக்கெல்லாம் வெளுத்து, நாலடி நடந்தால் மூச்சு வாங்கும். நான் விடவில்லை. காலையில் வேலைக்குப் போகும் முன் அவள் வீட்டுக்குப் போய் முருங்கைக்கீரை பொரித்துக் கொடுத்து, நெல்லிக்காய் தின்னவைத்து, சத்து மாத்திரையை விழுங்கவைத்துவிட்டுத்தான் என் சென்டருக்குப் போவேன். பிள்ளை நல்ல எடையில் பிறந்தது. அதிலிருந்து அவளுக்கு நான் சொன்னதுதான் வேதம். எங்க அண்ணி சொல்லிச்சு, பழமும் கீரையும் துன்னா எந்த நோயும் அண்டாது என்று அவள் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தாள். இத்தனை வருஷத்தில் என் பேச்சை அப்படியே முழுசாக நம்பிய ஒரே ஆள் அவள்தான்.

அவருக்குக் கால் வீங்கியபோது நடந்த வீக்கம் என்றோம். முகம் வீங்கியபோது தூக்கம் போதவில்லை என்றோம். ரத்தக்கொதிப்பு எத்தனை வருஷமாக உள்ளேயே இருந்து அறுத்ததோ, யாருக்கும் தெரியவில்லை. தெரிந்தபோது வாரத்துக்கு இரண்டு நாள் கீழே போய் மிஷினில் ரத்தத்தைச் சுத்தம் செய்துகொண்டு வந்தால்தான் உயிர் என்று ஆகிவிட்டது. அதற்காக இடது கையில் நரம்பு இரண்டைச் சேர்த்துத் தைத்தார்கள். அந்த இடத்தைத் தொட்டால் உள்ளே ரத்தம் ஓடுவது ரீங்காரமாகக் கைக்குத் தெரியும். கையில வண்டு பூந்துக்கிச்சு பாப்பா என்று தங்கச்சியிடம் காட்டினார். அவள் காதை வைத்துக் கேட்டுவிட்டு, சிரிப்பதா அழுவதா என்று தெரியாமல் என்னைப் பார்த்தாள்.

நோயாளியைப் பார்க்க வெறுங்கையோடு போகக்கூடாது என்பது நம் நாட்டில் எழுதாத சட்டம். இதில் மலை, கீழ்நாடு என்ற பேதம் இல்லை. வந்தார்கள் ஐயா, வந்தார்கள். ஆரஞ்சு, சாத்துக்குடி, தார் தாராக வாழைப்பழம், இளநீர். வருஷம் முழுக்க ஒரு பழம் வாங்காத மனுஷர்கூட இவருக்காக ஆப்பிள் வாங்கி, கவரின் முடிச்சை அவிழ்த்து, ஒன்றாவது துன்னுங்க என்று கெஞ்சினார். நான் வாசலிலேயே நின்று வாங்கி ஒரு கூடையில் போட்டு, மறுநாள் பால்வாடிக்கு எடுத்துப் போய்ப் பிள்ளைகளுக்கு நறுக்கிக் கொடுத்தேன். அந்த வருஷம் என் சென்டர் பிள்ளைகள் கன்னம் உப்பிப் பளபளவென்று இருந்தார்கள். எடை பார்க்க வந்த மேடம் என்னைப் பாராட்டிவிட்டுப் போனார். புருஷனுக்கு வந்த பழத்தையெல்லாம் ஊரான் பிள்ளைக்கு வாரி விடுகிறாள் என்று ஊர் பேசியது. பேசட்டும் என்று இருந்தேன். ஆனால் நாத்தனார் முகம் மாறியதைப் பார்த்தபோது வலித்தது.

அவளை உட்காரவைத்து எத்தனையோ முறை விளக்கினேன். ஓடையில் தண்ணீர் போகும் வழி அடைத்துக்கொண்டால் நல்ல மழையும் ஊரை அழிக்குமே, அதுபோலத்தான் என்று சொல்லிப் பார்த்தேன். தலையை ஆட்டுவாள். பிறகு தயங்கித் தயங்கிக் கேட்பாள்.

"ஊருக்கெல்லாம் பழம் துன்னு துன்னுன்னு சொல்றீங்க. எங்கண்ணனுக்கு மட்டும் ஆவாதுன்னா எப்டி அண்ணி? வெறும் சக்கையத் துன்னா ரத்தம் எப்டி ஊறும்?"

நான் கற்றுக்கொடுத்த பாடத்தை என்னிடமே ஒப்பித்தாள். டாக்டர் சொல்றாரு என்று முடித்துக்கொள்வேன்.

என் வீட்டுக்காரருக்கோ விலக்கிய பிறகுதான் ஆசை முளைத்தது. கீரையை ஆட்டுக்குப் போடச் சொன்ன மனிதர், எவர் வீட்டிலோ கீரை கடையும் வாசனைக்கு மூக்கை உயர்த்தினார். டயாலிசிஸ் போடும் இடத்தில் அடுத்த கட்டிலுக்கு வாணியம்பாடி பாய் ஒருவர் வருவார், தோல் வியாபாரம். வீட்டில் எல்லோரும் பேரீச்சம்பழம் கடித்து நோன்பு திறக்கும்போது, பாய் மட்டும் சும்மா பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாராம். மிஷின் ஓடும் நேரம் முழுக்க இருவரும் சாப்பாட்டுப் பேச்சுதான். பாய் கத்திரிக்காய்ப் பச்சடியை வர்ணிப்பார், இவர் பலாச்சுளையை வர்ணிப்பார். நாங்க ரெண்டு பேரும் அங்க வாயாலயே விருந்து சாப்ட்டுட்டு வர்றோம் என்று ஜீப்பில் திரும்பும்போது சொல்லிச் சிரிப்பார். நானும் சிரித்துவிட்டு வெளியே பார்த்துக்கொள்வேன்.

இரண்டாவது கோடை வந்தது. பின்னால் இருந்த பலா அடியிலிருந்து உச்சிவரை பிஞ்சு பிடித்தது. இன்னும் கொஞ்ச நாளில் பழுத்து வீடெல்லாம் மணக்கும், அவர் அந்த மணத்தில் படுத்துக் கிடக்க வேண்டும். என்னால் அதை நினைக்க முடியவில்லை. வியாபாரியைக் கூப்பிட்டு, பிஞ்சாகவே எல்லாவற்றையும் இறக்கிக்கொண்டு போகச் சொன்னேன். என் வீட்டுக்காரர் ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டிருந்தார். நாத்தனார் வந்து மொட்டையாக நின்ற மரத்தைப் பார்த்தாள். அண்ணனுக்குக் கொடுக்கக்கூடாது என்றே மரத்தைக்கூட விட்டுவைக்கவில்லை என்று யாரிடமோ சொல்லி அழுதாளாம். கேள்விப்பட்டு எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. நான் அவரைப் பட்டினி போடுகிறேன் என்று நினைக்கிறாள். எந்தக் கையால் அவளுக்குக் கீரை ஊட்டினேனோ, அந்தக் கையைப் போய்ச் சந்தேகப்படுகிறாள். ஒரு வாரம் அவளோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

அவள் கல்யாணமாகிப் போனபோது இந்த மரத்தின் கொட்டையிலிருந்து முளைத்த கன்று ஒன்றை அண்ணன் தோண்டி, சாக்கில் கட்டி, தோளில் வைத்துக் கொண்டுபோய் அவள் வீட்டுக் கொல்லையில் நட்டுவிட்டு வந்தார். எங்கள் பக்கம் ஒரு வழக்கம் உண்டு. பிறந்த வீட்டிலிருந்து போன கன்று முதன்முதலாகக் காய்த்தால், அந்த முதல் காய்ப்பை விற்கக் கூடாது. பிறந்த வீட்டுக்குக் கொண்டுவந்து, கூடப்பிறந்தவன் வாயில் வைத்த பிறகுதான் அவள் வீட்டில் யாரும் தொடலாம். இல்லையென்றால் மரம் தங்காது, பிறந்த வீட்டு உறவும் தங்காது என்பார்கள். அந்தக் கன்று அந்த வருஷம்தான் காய்த்தது. எனக்கு அது தெரியாது. தெரிந்திருந்தால் நான் அன்றைக்கு வீட்டை விட்டுப் போயிருக்க மாட்டேன்.

அன்றைக்குக் கீழே ஆபீஸில் சத்துணவுக் கண்காட்சி. ஒவ்வொரு டீச்சரும் காய், பழம், கீரைகளைக் கலர் கலராக அடுக்கிவைத்து, எதில் என்ன சத்து என்று விளக்க வேண்டும். அந்த வாரம் மழையில் மண் சரிந்து வண்டி ஓடாமல், அவருக்கு ஒரு முறை மிஷின் தவறியிருந்தது. மறுநாள் காலை கட்டாயம் போக வேண்டும். முகம் உப்பி அதைத்திருந்தது. போகாமல் இருந்துவிடலாமா என்றுதான் பார்த்தேன். போய்ட்டு வா, பாப்பா துணைக்கு வர்றேன்னு சொல்லியிருக்குது என்று அவர்தான் அனுப்பிவைத்தார். நான் அங்கே காரட்டையும் பப்பாளியையும் நறுக்கி அடுக்கிவைத்து, வழக்கமாகச் சொல்வதையெல்லாம் சொன்னேன். கண்ணுக்கு நல்லது, ரத்தம் ஊறும், மலச்சிக்கல் வராது, சர்க்கரையும் கொதிப்பும் அண்டாது. கை தட்டினார்கள்.

சாயங்காலம் ஜீப்பை விட்டு இறங்கி வரும்போதே வாசனை அடித்தது. எங்கள் மரம்தான் மொட்டையாயிற்றே, யார் வீட்டிலிருந்தோ என்று நினைத்துக்கொண்டே வந்தேன். என் வீட்டுக்குள்தான் அது நின்றது. நாத்தனார் கையில் எண்ணெயோடு உட்கார்ந்திருந்தாள், முகமெல்லாம் சிரிப்பு. அவள் வீட்டு மரம் காய்த்ததையும், குலசாமிக்குக்கூட வைக்காமல் நேரே அண்ணனிடம் தூக்கி வந்ததையும் மூச்சுவிடாமல் சொன்னாள். ரெண்டே ரெண்டு சுளை அண்ணி, வழக்கத்துக்குத்தான், கோவிச்சுக்காதீங்க என்றாள். முறத்தில் கொட்டைகளைக் கழுவிக் காயவைத்திருந்தாள். இரண்டு சுளைக்கு அந்தக் கொட்டைகள் மிகவும் அதிகம். அதில் அவள் தின்றது எத்தனை, அவர் தின்றது எத்தனை என்று எண்ண எனக்கு மனம் வரவில்லை.

அவர் கட்டிலில் சாய்ந்து உட்கார்ந்து என்னைப் பார்த்தார். திருடித் தின்று மாட்டிக்கொண்ட பிள்ளையின் முகம். நான் அப்போதே கத்தியிருப்பேன். அவர் லேசாகத் தலையசைத்தார், வேண்டாம் என்று. பிள்ளை தேடும், பொழுதோடு போக வேண்டும் என்று அவள் கிளம்பினாள். போகும்போது, கல்யாணத்துக்கு முன் செய்வது போல அண்ணனின் தலையைக் கலைத்துவிட்டுப் போனாள். நான் உடனே ஜீப்காரரிடம் ஆள் அனுப்பினேன். வண்டி கீழே போய்விட்டிருந்தது, விடிந்துதான் வரும் என்றார்கள். அவரிடம் ஏன் தின்றீர்கள் என்று கேட்டேன். அது மூஞ்சியப் பாத்தா வேணாம்னு சொல்ல வர்ல என்றார். கொஞ்ச நேரம் கழித்து, நல்லா இருந்துச்சு டீச்சர் என்றார்.

விடிந்தபோது அவரால் காலைத் தூக்க முடியவில்லை. கட்டிலோடு ஜீப் வரை தூக்கிப் போய்த்தான் ஏற்றினோம். வளைவுகளில் அவர் தலை என் மடியில் உருண்டது. நான் அவருடைய இடது கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். உள்ளங்கையில் வண்டு ஓடுவது தெரிந்தது. அது ஓடுகிறவரை பயமில்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பாதி மலை இறங்கியபோது அவர் வாயருகே குனியச் சொன்னார்.

"பாப்பாகிட்ட ஒண்ணும் சொல்லாத. ஆயுசுக்கும் சொல்லாத."

சரி என்றேன். இன்னும் சில வளைவுகள் போனோம். வண்டு நின்று நின்று ஓடியது. பிறகு ஓடவில்லை. ஜீப் ஓடிக்கொண்டிருந்தது, நான் அந்தக் கையை மாற்றி மாற்றிப் பிடித்துப் பார்த்தேன். ஆஸ்பத்திரியில் நெஞ்சை அமுக்கினார்கள், ஊசி போட்டார்கள். பிறகு டாக்டர் வந்து, கடைசியாக என்ன சாப்பிட்டார் என்று கேட்டார். பலாப்பழம் என்றேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். ஒரு முறை மிஷின் தவறியதும் காரணமாக இருக்கலாம். மழை பெய்யாமல், மண் சரியாமல் இருந்திருந்தால் அந்தச் சுளைகளை உடம்பு தாங்கியிருக்கலாம். எனக்குத் தூக்கம் வராதபோது மழையைத் திட்டிக்கொள்வேன். மழையைத் திட்டினால் எந்தத் தங்கச்சியும் அழமாட்டாள்.

நான் இன்னும் பால்வாடி டீச்சர்தான். இன்னும் அதையேதான் சொல்கிறேன், ஏனென்றால் அது உண்மை. பழமும் கீரையும் தின்ற பெண்களின் நாக்குச் சிவந்ததைக் கண்ணால் பார்த்திருக்கிறேன். ஆனால் இப்போது ஒவ்வொரு வீட்டிலும் முதலில், வீட்டில் யாருக்காவது கிட்னிக் கோளாறு இருக்கிறதா என்று கேட்டுவிட்டுத்தான் வாயைத் திறக்கிறேன். வீட்டில் எனக்கு மட்டும் பூசணிக்காய் நறுக்கும்போதும் கை தானாக அதை வெந்நீரில் போடுகிறது. தண்ணீரைக் கொட்டிய பிறகுதான் ஞாபகம் வரும். அப்போது அடுப்பின் முன்னாலேயே உட்கார்ந்து அழுதிருக்கிறேன்.

ஒவ்வொரு கோடையிலும் நாத்தனார் தன் மரத்துப் பழத்தைத் தூக்கிக்கொண்டு வருகிறாள். அண்ணன் படத்துக்கு முன்னால் வைத்து அறுப்பாள். சுளையை எடுத்துப் படத்தின் கீழே வைத்துவிட்டு, அடுத்ததை என் கையில் கொடுப்பாள். நான் அவரைப் பட்டினி போட்டேன் என்று அழுததையெல்லாம் அவள் மறந்துவிட்டாள். என்னிடம் அவளுக்கு மனத்தாங்கல் எதுவும் இல்லை. இந்த வருஷமும் வந்தாள். படத்தையே பார்த்துக்கொண்டிருந்தவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னாள்.

"சாவறதுக்கு மின்னால என் கையால வயிறார துன்னுட்டுதான் அண்ணன் போச்சு. வேணாம் வேணாம்னு சொல்லிக்கினே துன்னுச்சு. அந்த ஒரு ஆறுதல்தான் அண்ணி எனக்கு."

வாய் நீளம் என்று பெயரெடுத்தவள் நான். இந்த ஊரில் யாரிடமும் மனதில் பட்டதைச் சொல்லாமல் விட்டதில்லை. கையில் இருந்த சுளையைப் பார்த்தேன். அவள் நான் தின்பதற்காகக் காத்திருந்தாள். வாயில் போட்டு மென்றேன்.

"நல்லா இருக்குதா அண்ணி?" என்று கேட்டாள்.

நல்லா இருக்கு என்றேன். கொட்டையை அவள் நீட்டிய முறத்தில் போட்டேன்.